செந்தாமரையின் குழம்பும் பெரிய வீட்டு வெந்நீரும்

செந்தாமரைக்கு மூக்கு நுனியில் கோபம் என்று அவளோடு வேலை பார்த்தவர்கள் சொல்வார்கள். பாதிதான் உண்மை. கோபம் உண்டு, ஆனால் மூக்கை அவள் வேறு வேலைக்கு வைத்திருந்தாள். மல்லி வறுபடும்போது எப்போது சட்டியை இறக்குவது என்பதை அவள் ஒருநாளும் கண்ணால் பார்த்து முடிவு செய்ததில்லை. முதுகைத் திருப்பிக்கொண்டு வெங்காயம் உரிப்பாள். திடீரென்று "எறக்கு, எறக்கு" என்பாள். இறக்கிப் பார்த்தால் சரியாக இருக்கும். வெந்தயம் கொஞ்சம் கூடுதலாகச் சிவந்தாலும் இரண்டு கட்டு தாண்டி முன்வாசலில் நின்றபடியே சொல்லிவிடுவாள். அந்த மூக்குதான் கடைசியில் அவள் வீட்டு விஷயத்தையும் காட்டிக்கொடுத்தது.

பிறந்தது சிவகங்கைப் பக்கம் ஒரு செம்மண் காட்டு ஊர். அப்பா சின்னச்சாமிக்கு மூன்று ஏக்கர் மானாவாரி. மழை பெய்தால் மிளகாய், பெய்யாவிட்டால் பெருமூச்சு. பத்தொன்பது வயதில் மருதுவுக்கு வாக்கப்பட்டுக் காரைக்குடி வந்தாள். மருது ஆட்டோ ஓட்டுகிறவன். பிள்ளையார்பட்டிக்குச் சாமி கும்பிட வருகிறவர்களை ஏற்றி இறக்குவதுதான் பிழைப்பு. ஒரு ஆட்டோவில் வீடு ஓடாது என்பதால் செந்தாமரை கல்யாணச் சமையல் கோஷ்டியோடு போனாள். ஐந்து வருஷம் அண்டா தேய்த்தாள், ஐந்து வருஷம் சின்ன வெங்காயம் உரித்தாள். பிறகு ஒருநாள் வலையபட்டியில் அறுநூறு இலைக் கல்யாணம். தலைமைச் சமையல்காரர் செம்மலைக்குக் குளிர்காய்ச்சல். குழம்பை அவள் இறக்கினாள். ஆள் மாறியது பந்தியில் ஒருவருக்கும் தெரியவில்லை. சமையல் தொழிலில் அதைவிடப் பெரிய பட்டம் கிடையாது.

இந்தக் கதை நடந்தபோது அவளுக்கு நாற்பத்து நாலு வயது. லட்சுமணன் செட்டியாரின் பெரிய வீட்டில் நாலு வருஷமாகத் தலைமைச் சமையல். சென்னையில் வியாபாரம் பார்த்துவிட்டுத் திரும்பியவர் அவர். பூட்டிக் கிடந்த வீட்டைத் துடைத்து, பத்து அறைகளுக்குக் குளிர்சாதனம் மாட்டி, விருந்தினர் விடுதி ஆக்கியிருந்தார். கெட்டிக்காரர். சிரித்த முகம். கோபம் வந்தாலும் குரல் உயராது. அப்படிப்பட்டவர்களிடம்தான் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்பது செந்தாமரைக்குப் பிறகுதான் புரிந்தது.

அவள் காலையில் அடுப்பில் முதலில் ஏற்றுவது குழம்பு இல்லை, வெந்நீர். லட்சுமணனுக்குப் பத்து வருஷமாகச் சர்க்கரை. சாப்பாட்டுக்கு முன்னால் மாத்திரை, மறந்துவிடுவார். அவர் மனைவி மெய்யம்மை ஆச்சி சென்னையில் மகள் வீட்டில் இருந்தாள். "அவுகளுக்கு ஆயிரம் வேலை, மறந்துருவாக. நீ பாத்துக்க செந்தாமரை" என்று போனில் சொல்லியிருந்தாள். அதனால் செந்தாமரை தினமும் சொம்பில் வெந்நீரோடு அவர் முன்னால் போய் நிற்பாள். "மாத்திரை போட்டாச்சாண்ணே?" அவர் பேப்பரிலிருந்து தலையை எடுக்காமல் "போட்டாச்சு, போட்டாச்சு" என்பார். போட்டிருக்க மாட்டார். அவள் நகராமல் நிற்பாள். பிறகு போடுவார். காலையும் மாலையும், நாலு வருஷம்.

இன்னொரு வேலையும் அவள் தலையில் விழுந்தது. பெரிய வீடுகளில் பந்தி நடக்கும்போது வீட்டுக்காரர் இலை இலையாக வந்து "போதுமா, இன்னும் கொஞ்சம்" என்று விசாரிப்பது வழக்கம். விசாரிக்காத பந்தியில் உண்டவனுக்கு வயிறு நிறைந்தாலும் மனசு நிறையாது. லட்சுமணனுக்குக் குனிந்து நிமிர முதுகு இடம் கொடுக்கவில்லை. கண்டாங்கிச் சேலை ஒன்றை வாங்கிக் கொடுத்து, "நீயே விசாரி. போட்டோவுக்கும் நல்லாருக்கும்" என்று சொல்லிவிட்டார்.

அந்தப் பந்தியில் பேர்போனது அவளுடைய மருந்துக் குழம்பு. மிளகு, சீரகம், சுக்கு, வெந்தயம், சுண்டைக்காய் வற்றல், உரித்த பூண்டு. கறிவேப்பிலையை மட்டும் அடுப்பை அணைத்துவிட்டுச் சட்டிச் சூட்டில் போட்டுப் புரட்டுவாள். நல்ல குழம்பு, அதில் சந்தேகமே வேண்டாம். அடைமழையில் மூக்கடைப்புக்கு இதம். மந்தமான வயிற்றுக்குப் பசி வரும். காய்ச்சலில் கிடந்து எழுந்தவனுக்கு நாக்கில் உயிர் வரும். அதோடு, வீட்டில் அரைத்துச் சமைக்கும்போது எண்ணெய் எவ்வளவு, உப்பு எவ்வளவு என்பது நம் கையில் இருக்கிறது. ஆறு வருஷத்துக்கு முன்னால் மருதுவுக்குச் சர்க்கரை என்று தெரிந்ததும் அவள் சோற்றைப் பாதியாக்கிக் காயை இரண்டு மடங்காக்கினாள். சோறு செய்கிற வேலையைச் சோறு செய்யும், மாத்திரை செய்கிற வேலையை மாத்திரை செய்யும். இதை அவளுக்கு யாரும் வகுப்பெடுத்துச் சொல்லவில்லை. வகுப்பில் உட்கார்ந்து வந்தவர்களுக்குத்தான் தெரியாமல் போனது.

தை மாதம் சென்னையிலிருந்து ஜனனி வந்தாள். விடுதிக்கு விளம்பர வீடியோ எடுக்க லட்சுமணன் அமர்த்திய பெண். நல்ல பிள்ளைதான், அக்கா அக்கா என்று பின்னாலேயே சுற்றினாள். குழம்பு கொதிக்கும்போது கேமராவைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்.

"அக்கா, உங்க வீட்டுல யாருக்காவது சுகர் இருக்கா?"

"எங்க வீட்டுக்காரருக்கு ஆறு வருசமா இருக்கு தாயி. பெரியாஸ்பத்திரி மாத்திரை, தவறாமப் போடுறாரு. சோத்தக் கொறச்சுக் காயக் கூட்டிருக்கேன். வாரத்துல மூணு நா இந்தக் கொழம்பு வைப்பேன். இப்ப நல்லாருக்காரு."

வீடியோ வெளியானது. அதில் செந்தாமரை கண்டாங்கியில் நின்று, "எங்க வீட்டுக்காரருக்கு ஆறு வருசமா இருக்கு. வாரத்துல மூணு நா இந்தக் கொழம்பு வைப்பேன். இப்ப நல்லாருக்காரு" என்றாள். கீழே கொட்டை எழுத்தில், 'சர்க்கரையை விரட்டியடித்த செட்டிநாட்டு மருந்துக் குழம்பு!'

"மாத்திரைன்னு ஒண்ணு சொன்னேனே தாயி, அதக் காணோமே?"

"ஒரு நிமிஷத்துக்குள்ள முடிக்கணும் அக்கா. நீளமா இருந்தா யாரும் பார்க்க மாட்டாங்க."

செந்தாமரை அதற்கு மேல் கேட்கவில்லை. இந்த இடத்தில் அவளையும் சும்மா விட முடியாது. கேட்டிருக்க வேண்டும். தன் முகத்தை லட்சம் பேர் பார்க்கிறார்கள் என்ற பூரிப்பில் வாயை மூடிக்கொண்டாள். அடுத்த மாதம் பொடி டப்பா வந்தது. அதில் அவள் படம், அதன் கீழே 'நான்காம் தலைமுறைக் கைப்பக்குவம்'. அவள் அம்மா களை பறித்தவள். குழம்புக்கு மிளகு வாங்கவே யோசித்தவள். அதையும் சிரித்துக்கொண்டே விட்டாள். சின்னப் பொய்க்குத் தலையாட்டிப் பழகினால், பெரிய பொய் வரும்போது கழுத்து தானாக ஆடும்.

மருதுவுக்குத் தலைகால் புரியவில்லை. ஆட்டோவில் ஏறுகிற ஒருவரை விடமாட்டான். "இது யாரு தெரியுமா? எம் பொண்டாட்டி" என்று போனை நீட்டிவிட்டுத்தான் வண்டியைக் கிளப்புவான். ஆட்டோவின் பின்கண்ணாடியில் டப்பாவின் படத்தை ஒட்டினான். கல்யாணமாகி இருபத்தைந்து வருஷத்தில் அவளைப் பற்றி அவன் நாலு நல்ல வார்த்தை சொல்லி அவள் கேட்டதில்லை. இப்போது ஊர் முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தான். அவளுக்கு உள்ளூரக் குளிர்ந்தது.

ஆடி பிறந்து ஒரு வாரம். சாயங்காலம் வீட்டில் மருதுவுக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தவள் கரண்டியோடு நின்றுவிட்டாள். மூக்கு ஏதோ சொன்னது. குழம்பு வாசம் இல்லை. சாக்கடையும் இல்லை. எலி ஏதும் செத்துக் கிடக்கிறதா என்று அலமாரிக்கு அடியில் குனிந்து பார்த்தாள். குனிந்த இடத்திலிருந்து புருஷனின் கால் தெரிந்தது. காலில் சாக்ஸ்.

"ஆட்டோ ஓட்டுறவுகளுக்கு எதுக்கு சாக்ஸு?"

"வெயிலு... தார்ச்சூடு தாங்கல."

"வீட்டுக்குள்ள எங்குட்டு இருக்கு தாரு?"

பதிலுக்குக் காத்திராமல் காலைப் பிடித்து இழுத்துக் கழற்றினாள். சுண்டுவிரல் கருத்துப் போயிருந்தது. பக்கத்து விரல் வீங்கிப் பளபளத்தது. சைலன்சரில் பட்ட சூடாம், இருபது நாளாகிறதாம். "வலிக்கவே இல்லடி, அதான் பேசாம இருந்துட்டேன்" என்றான். வலிக்கவில்லை என்றதும்தான் அவள் அந்தக் காலை விளக்குக்கு நேராகத் தூக்கிப் பார்த்தாள். சர்க்கரைக்காரர்களுக்கு வலி தெரியாத கால்தான் ஆபத்து என்று, மாத்திரை கொண்டுவரும் நர்சம்மா எத்தனையோ தடவை எச்சரித்திருக்கிறாள்.

"மாத்திரை போடுறீகள்ல?"

மருது சோற்றைப் பிசைந்தான். மாதாமாதம் வீடு தேடி வரும் நர்சம்மாவிடம் மாத்திரையை வாங்கி வைப்பது செந்தாமரைதான். அட்டை அட்டையாக அலமாரியிலிருந்து குறைவதையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். நர்சம்மா ரத்தம் பார்க்க வரும் நாளில் மட்டும் அவனுக்குத் தூரத்துச் சவாரி வந்துவிடும். அதெல்லாம் இப்போது வரிசையாக ஞாபகத்துக்கு வந்தது. எழுந்து வாசலுக்குப் போய் ஆட்டோவின் பின்சீட்டைத் தூக்கினாள். மஞ்சள் பைக்குள் நாலு மாத மாத்திரை, ஒன்றுகூடப் பிரிக்கப்படாமல் கிடந்தது.

பையைக் கொண்டுவந்து தட்டுக்குப் பக்கத்தில் கொட்டினாள். "ஏன்?"

"திருச்சிக்காரவுக குடும்பம் ஒண்ணு வண்டியில வந்துச்சு. உன் வீடியோவக் காமிச்சேன். அந்தம்மா கேட்டுச்சு, அப்ப நீங்க மாத்திரையே போடுறதில்லையான்னு. நான் என்னத்தச் சொல்ல? போடுறேன்னு சொன்னா நீ சொன்னது பொய்யாயிருமுல்ல? இல்லைன்னுட்டேன்."

"சொன்னா சொல்லிட்டுப் போங்க. வீட்டுக்கு வந்து முழுங்க வேண்டியதுதானே?"

"கோயில் வாசல்ல வச்சுச் சொல்லிட்டேன் செந்தாமரை. பிள்ளையாரு பாத்துக்கிட்டு நிக்கிறாரு. அங்க ஒண்ணு சொல்லிட்டு, வீட்டுல வந்து வேற செஞ்சா..."

இருபத்தைந்து வருஷத்தில் அவனை ஒருமுறைகூட மரியாதை குறைத்துப் பேசாதவள் அன்று பேசினாள். "ஏய்யா, அறிவு கெட்ட மனுசா! பிள்ளையாரு வந்து உங்கிட்டக் கால் வெரலக் கேட்டாரா? நான் சொன்னத நீ காப்பாத்தணும்னு உங்கிட்ட யாரு அழுதா? நாந்தான் வீட்டுலயே கெடக்கேனே, ஒரு வார்த்த என்னையக் கேட்டா என்ன?"

"கேட்டா, என் கைப்பக்குவத்துமேல நம்பிக்கை இல்லையான்னு நீ வருத்தப்படுவியேன்னு..."

அவள் அந்த நேரத்தில் அவனை அடித்திருப்பாள். கால் அந்த நிலையில் இருந்ததால் விட்டாள். ஆசை வைத்தவன் செய்யும் முட்டாள்தனத்துக்கு யாரைப் போய் நோவது? அவளுக்கு அவன்மேல் வந்த கோபம் பாதி வழியில் திரும்பித் தன்மேலேயே விழுந்தது.

சிவகங்கைப் பெரியாஸ்பத்திரியில் இரண்டு விரல்களை எடுத்தார்கள். டாக்டர் பொறுமையாகத்தான் பேசினார். சர்க்கரை இறங்கி, புண் ஆறினால் பாதம் தப்பும். இல்லையென்றால் கணுக்கால் வரைக்கும் யோசிக்க வேண்டி வரும் என்றார். மருது, "ஆட்டோவுக்கு பிரேக் வலது காலும்மா" என்று அவளிடம் மெதுவாகச் சொன்னான். போனது வலது கால் விரல்கள்.

வார்டுக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது பக்கத்தில் ஒரு பெண் அவளை உற்றுப் பார்த்தாள். முப்பது வயது இருக்கும். பேர் சத்தியப்பிரியா என்று பிறகு தெரிந்தது.

"நீங்க... மருந்துக் கொழம்பு அம்மாதானே?"

செந்தாமரை தலையசைத்தாள். அந்தப் பெண்ணின் முகம் மலர்ந்துவிட்டது. கூடையிலிருந்து டப்பாவை எடுத்துக் காட்டினாள். செந்தாமரையின் முகம் செந்தாமரையைப் பார்த்துச் சிரித்தது.

"எங்கப்பாவுக்குத்தாம்மா. நாலு டப்பா முடிச்சாச்சு. மாத்திரையெல்லாம் அப்பவே நிப்பாட்டிட்டோம். எல்லாம் உங்க புண்ணியம். ஒரு நாளைக்கு எத்தன கரண்டிம்மா போடணும்? ரெண்டு போடுறோம்."

"அப்பா இப்ப எங்க?"

"உள்ள இருக்காக. பத்து நாளாக் கண்ணு மங்கலாத் தெரியுதுங்குறாக. அதக் காமிக்கத்தான் வந்தோம்."

சாபம் விட்டிருந்தால் செந்தாமரை தாங்கியிருப்பாள். புண்ணியம் என்றதைத் தாங்க முடியவில்லை. அந்தப் பெண்ணின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். "தாயி, உள்ள போயி டாக்டர்கிட்ட மாத்திரைய நிப்பாட்டுனதச் சொல்லு. இப்பவே சொல்லு. இது வெறும் கொழம்பு தாயி. சோத்துக்கு ஊத்திச் சாப்புடுறது. எங்க வீட்டுக்காரருக்கு இதோ ரெண்டு வெரல எடுத்துட்டாக."

"அப்ப, அதுல சொன்னீகளே?"

"அதுல சொன்னது நான் இல்ல."

"நீங்கதானேம்மா" என்றாள் அந்தப் பெண், டப்பாவையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தபடி.

வியாழக்கிழமை காலை பெரிய வீட்டுக்குப் போனாள். லட்சுமணன் வளவில், உள்முற்றத்து ஓரமாக நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். விஷயத்தைக் கேட்டு உண்மையாகவே முகம் வாடினார். ஆஸ்பத்திரிச் செலவைத் தானே ஏற்பதாகச் சொன்னார். கல் நெஞ்சுக்காரர் என்று சொல்ல முடியாது. ஆனால் அவள் கேட்டது செலவை இல்லை.

"அந்த வீடியோவ எடுத்துருங்கண்ணே. டப்பாவுல என் மொகத்தையும் எடுத்துருங்க."

"அது எங்குட்டோ போயிருச்சு செந்தாமரை. ஒன்பது லட்சம் பேரு பாத்தாச்சு. நீ ஒண்ணு யோசி. மாத்திரைய நிப்பாட்டுன்னு டப்பாவுல எங்கயாச்சும் போட்டுருக்கமா? எவனாவது முட்டாப்பய நிப்பாட்டுனா அதுக்கு நாமளா பொறுப்பு?"

அந்த முட்டாப்பய இரண்டு விரல் இல்லாமல் சிவகங்கையில் படுத்திருந்தான். அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள்.

"ஞாயித்துக்கெழமை சத்தியமூர்த்தி வாராரு. சென்னையில எழுவது கடை. நம்ம பொடிய எல்லாக் கடையிலயும் வைக்கிறேங்குறாரு. அது முடியட்டும், பெறகு பேசுவோம். உப்புத் தின்ன வீடு, மறந்துறாத" என்று சொல்லிக்கொண்டே கையை நீட்டினார். கை நீண்டது வெந்நீர்ச் சொம்புக்கு. வழக்கம்போல அவள் கொண்டுவந்து வைத்ததுதான். மாத்திரையை வாயில் போட்டு, அண்ணாந்து வெந்நீரை ஊற்றிக்கொண்டார். தொண்டை ஏறி இறங்கியதை அவள் பார்த்தாள்.

நாலு வருஷமாகப் பார்த்த தொண்டைதான். அன்றைக்குத்தான் கண்ணில் பட்டது. சர்க்கரையை விரட்டும் பொடியை ஊருக்கெல்லாம் விற்கிற மனுஷன், தன் சர்க்கரைக்கு அந்தப் பொடியில் ஒரு சிட்டிகைகூட நம்பியதில்லை. அந்தக் குழம்பை அவர் சாப்பிடுவார், மாத்திரையைப் போட்டுவிட்டு. ஊரில் உள்ள சத்தியப்பிரியாக்களின் அப்பன்களும் மருதுகளும் மட்டும் போடாமல் சாப்பிட வேண்டும்.

"உப்புப் போட்டதே நாந்தாண்ணே" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனாள். அந்த நிமிஷமே வேலையை விட்டுவிட்டு நடையைக் கட்டியிருக்கலாம். கட்டினால் டப்பாவில் முகம் மட்டும் மிஞ்சும். அது பாட்டுக்குச் சிரித்துப் பேசிக்கொண்டே இருக்கும். அதைப் பேச விட்டுவிட்டுப் போக அவளுக்கு மனசு வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் முப்பத்திரண்டு இலை. சத்தியமூர்த்தி வெள்ளைச் சட்டையும் மெல்லிய கண்ணாடியுமாக நடு இலையில் உட்கார்ந்தார். அவருக்குத் துணையாக லட்சுமணனும் பக்கத்து இலையில் அமர்ந்தார். எதிரில் ஜனனி போனைத் தாங்கியில் நிறுத்திக்கொண்டிருந்தாள். "இன்னைக்கு நேரலை அக்கா. இப்பவே பார்த்துக்கிட்டு இருக்காங்க" என்றாள். செந்தாமரை ஒன்று கேட்டாள். "அப்ப இதுல வெட்டி எடுக்க முடியாதுல்ல?" ஜனனி சிரித்தாள். "முடியாது அக்கா. அதனால பார்த்துப் பேசுங்க."

காலையிலிருந்து வார்த்தைகளைக் கோத்து வைத்திருந்தாள். பெரியோர்களே, இந்தக் குழம்பைப் பற்றி ஒரு உண்மை சொல்ல வேண்டும் என்று தொடங்குவதாக இருந்தாள். பந்தி ஆரம்பித்துக் கண்டாங்கிச் சேலையோடு முதல் இலைக்கு வந்தபோது நாக்கு ஒட்டிக்கொண்டது. "போதுங்களா, இன்னுங் கொஞ்சம் காய் வைக்கவா" என்றுதான் வந்தது. இரண்டாவது இலையிலும் அதுதான். மூன்றாவதிலும் அதுதான். அண்டா அண்டாவாக இறக்கியவளுக்கு ஒரு வாக்கியத்தை இறக்கத் தெரியவில்லை. தன்மேலேயே ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

பதினைந்தாவது இலை லட்சுமணனுடையது. சோறு வைத்தாயிற்று; குழம்புக்காக அவர் குழி செய்து வைத்திருந்தார். அன்று விருந்தாளி வந்த பரபரப்பில் காலைச் சாப்பாடு தவறிப்போய், இதுதான் அவருக்கு முதல் சாப்பாடு. சொம்பும் வரவில்லை. குழம்பு வாளியோடு குனிந்தவளின் வாயில் நாலு வருஷத்துக் கேள்வி தானாக வந்து நின்றது. அவள் அதைத் தடுக்கவில்லை. வழக்கத்தைவிடச் சற்று உரக்கவே கேட்டாள்.

"மாத்திரை போட்டாச்சாண்ணே?"

லட்சுமணன் சத்தியமூர்த்தியிடம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். தலையைத் திருப்பாமலே, "போட்டாச்சு, போட்டாச்சு. நீ கொழம்ப ஊத்து" என்றார்.

"போட்டுருக்க மாட்டீக. வெந்நியே இன்னும் கொண்டாரலையே."

அப்போதுதான் அவர் நிமிர்ந்தார். சத்தியமூர்த்தி கையில் எடுத்த அப்பளத்தைக் கீழே வைத்தார். "என்ன மாத்திரை?"

யாராவது கேட்டால் சொல்ல அவளுக்குக் கஷ்டமில்லை. "சக்கரைக்குங்க. அண்ணனுக்குப் பத்து வருசமா இருக்கு. தெனமும் ரெண்டு வேள நாந்தான் வெந்நி கொண்டாந்து குடுக்குறேன். எங்க வீட்டுக்காரரும் ஆறு வருசமா மாத்திரதான் போட்டாரு. அதாலதான் நல்லா இருந்தாரு. அத நான் சொன்னேன், வெட்டிப்புட்டாக. வெட்டுனதப் பாத்துட்டு அந்த மனுசன் மாத்திரைய நிப்பாட்டுனாரு. இப்பக் காலுல ரெண்டு வெரலு இல்ல. கொழம்பு நல்ல கொழம்பு. வயிறாரச் சாப்புடுங்க. ஆனா மாத்திரை போடுறவுக போட்டுட்டுச் சாப்புடுங்க."

சொல்லிவிட்டு லட்சுமணன் இலையில் குழம்பை ஊற்றினாள். ஒரு சொட்டு வெளியே சிந்தவில்லை. ஜனனி போனை நோக்கிக் கையை நீட்டினாள். பிறகு என்ன நினைத்தாளோ, கையை இழுத்துக்கொண்டாள். சத்தியமூர்த்தி பக்கத்திலிருந்த பொடி டப்பாவைத் திருப்பி, பின்பக்கம் இருந்த பொடி எழுத்துகளை முதல் தடவையாகப் படித்தார். படித்துவிட்டு இலைக்கு எட்டாத தூரத்தில் வைத்தார்.

கடைசி இலையில் இருந்த ஒரு பெரியவர் தொண்டையைச் செருமினார். கோயம்புத்தூரிலிருந்து வந்தவர். "அம்மா, எனக்கும் கொஞ்சம் வெந்நீர் கிடைக்குமா?" என்று கேட்டுச் சட்டைப் பையைத் தடவினார். அவருக்கு எதிரில் இருந்த அம்மாள் கைப்பையைத் திறந்து கிளறினாள். அவள் பக்கத்து இலைக்காரர், "வெந்நீர் எனக்கும்" என்றார். அன்று அந்தப் பந்தியில் குழம்பைவிட வெந்நீர்தான் அதிகம் செலவானது.

பந்தி முடிந்ததும் லட்சுமணன் அடுப்படிக்கு வந்தார். முதல் தடவையாக அவர் குரல் உயர்ந்திருந்தது. "எழுவது கடை! நாலு வார்த்தையில எழுவது கடைய ஒழிச்சுட்ட. சோறு போட்ட வீட்டுக்கு நல்லாச் செஞ்ச. நாளையிலருந்து இங்குட்டு வராத."

"வரல" என்றாள் செந்தாமரை. கண்டாங்கிச் சேலையைக் கழற்றி மடித்து, பொடி டப்பாக்கள் இருந்த அட்டைப்பெட்டி மேல் வைத்திருந்தாள். தன் பழைய நூல் சேலையின் முந்தானையில் கையைத் துடைத்தாள். மாலை பஸ்ஸில் சிவகங்கை போக வேண்டும். மருதுவுக்கு ஆறு மணி மாத்திரையை நர்சு கொடுப்பாள்தான், ஆனாலும் அவன் விழுங்குவதைக் கண்ணால் பார்த்தால்தான் அவளுக்குத் திருப்தி.

வாசல்படி வரை போனவள் திரும்பி வந்தாள். கோபம் இன்னும் முகத்தில் அப்படியே இருந்தது. அடுப்பைப் பற்றவைத்து, சொம்பில் தண்ணீர் ஊற்றி ஏற்றினாள். சூடானதும் இறக்கி, அவர் கைக்கு எட்டுகிற இடத்தில் வைத்தாள்.

"இன்னைக்குக் காலை மாத்திரை நீங்க இன்னும் போடல. போடுங்க, பாத்துட்டுப் போறேன்."

அவர் முறைத்தார். அவள் நகரவில்லை. கடைசியில் சட்டைப் பையிலிருந்து அட்டையை எடுத்துப் பிரித்தார்.